சிகாகோ கப்ஸ் ஆட்டங்கள்: பார்ப்பதற்கும் கேட்பதற்கும் உள்ள வழிகள், ஓர் ஒப்பீடு

சிகாகோ கப்ஸ் அணியின் பேஸ்பால் ஆட்டங்களைத் தொடர்ந்து பார்க்க எந்தச் சந்தாவை வாங்கலாம் என்று கேட்பவரிடம், உங்கள் வீடு எந்த ஊரில் இருக்கிறது என்றுதான் முதலில் திருப்பிக் கேட்க வேண்டியிருக்கிறது. மேஜர் லீக் பேஸ்பாலின் (எம்எல்பி) இணையச் சேவையான எம்எல்பி.டிவிக்கு ஏறத்தாழ 150 டாலர் கொடுத்து வாங்கும் அதே சந்தா, டாலஸில் இருப்பவருக்குக் கப்ஸின் பெரும்பாலான ஆட்டங்களை நேரலையில் காட்டும். சிகாகோவை அடுத்த ஷாம்பர்க்கிலோ நேப்பர்வில்லிலோ இருப்பவருக்கு ஓர் ஆட்டத்தைக்கூட நேரலையில் காட்டாது. விலையையும் படத் தரத்தையும் ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு முகவரியை மறந்தவர்கள், பருவம் தொடங்கிய அன்று கறுப்புத் திரையைப் பார்த்துத் திகைப்பது ஆண்டுதோறும் நடக்கிறது.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு வரலாறு உண்டு. கப்ஸ் ஆட்டங்களை ஒளிபரப்பிய டபிள்யூஜிஎன் தொலைக்காட்சி, 1978 முதல் செயற்கைக்கோள் வழியாக அமெரிக்கா முழுவதும் கேபிளில் தெரிந்தது. சிகாகோவையே பார்த்திராத ஊர்களிலும் கப்ஸுக்கு ரசிகர்கள் உருவானது அதனால்தான். 1948இல் தொடங்கிய அந்த உறவு 2019 பருவத்தோடு முடிந்தது. 2020இல் அணியும் சின்க்ளேர் நிறுவனமும் சேர்ந்து மார்க்கீ ஸ்போர்ட்ஸ் நெட்வொர்க் என்ற கட்டண அலைவரிசையைத் தொடங்கின. ஒரு காலத்தில் பெரும்பாலும் ஒரே இடத்தில் கிடைத்த ஆட்டங்கள் இன்று மார்க்கீ, எம்எல்பி.டிவி, ஆப்பிள் டிவி, ஃபாக்ஸ், என்பிசி, வானொலி என்று சிதறிக் கிடக்கின்றன. கீழே தரும் விலைகள் கடந்த சில பருவங்களில் இருந்தவை. வாங்கும் நாளில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்வது நல்லது.

## எவற்றை வைத்து எடைபோடுவது

முதல் அளவுகோல் முகவரி. அமெரிக்க பேஸ்பாலில் ஒவ்வோர் அணிக்கும் ஒரு சொந்த ஒளிபரப்பு எல்லை வரையப்பட்டிருக்கிறது. அந்த எல்லைக்குள் ஆட்டத்தைக் காட்டும் உரிமை உள்ளூர் அலைவரிசைக்கே உண்டு. ஆகவே லீகின் பொதுச் சந்தாவான எம்எல்பி.டிவி அங்கே அந்த அணியின் நேரலையை மறைத்துவிடும். இதைத்தான் பிளாக்அவுட் என்கிறார்கள். எல்லைகள் மாநில எல்லைகளோடு பொருந்துவதில்லை; ஒன்றின்மேல் ஒன்று ஏறியும் கிடக்கும். அயோவா மாநிலம் இதற்குப் பேர்போனது: கப்ஸ், ஒயிட் சாக்ஸ், கார்டினல்ஸ், பிரூவர்ஸ், ட்வின்ஸ், ராயல்ஸ் என்னும் ஆறு அணிகளும் அதைத் தங்கள் எல்லையாகக் கொண்டிருக்கின்றன, மாநிலத்திற்குள் ஒரு மேஜர் லீக் அணிகூட இல்லாத நிலையிலும்.

இரண்டாவது அளவுகோல் நேரம். ஒரு பருவத்தில் 162 ஆட்டங்கள். 2023இல் பந்து வீசுவதற்குக் கால அளவு விதிக்கப்பட்ட பிறகு ஓர் ஆட்டம் சராசரியாக 2 மணி 40 நிமிடத்தில் முடிகிறது. அப்படியும் முழுப் பருவத்துக்கு 430 மணி நேரத்துக்கு மேல் ஆகும். அத்தனையையும் திரைமுன் அமர்ந்து பார்ப்பவர் அரிது. கப்ஸுக்கு இன்னொரு தனித்தன்மையும் உண்டு. அவர்களின் ரிக்லி மைதானத்தில் 1988 ஆகஸ்டு வரை விளக்குகளே இல்லை. விளக்குகள் வந்த பிறகும் இரவு ஆட்டங்களின் எண்ணிக்கையை நகர விதிகள் கட்டுப்படுத்துகின்றன. வெள்ளிக்கிழமை உள்ளூர் ஆட்டங்கள் பெரும்பாலும் பிற்பகல் 1.20 மணிக்கு, அலுவலக நேரத்தின் நடுவில் தொடங்கும். ஆகவே ஆண்டில் எத்தனை ஆட்டங்களைக் கண்ணால் பார்க்க முடியும், எத்தனையைக் காதால் மட்டுமே தொடர முடியும் என்பதை உண்மையாகக் கணக்கிட்ட பிறகே பணம் கட்டுவது நல்லது.

மூன்றாவது, பருவம் முழுவதற்குமான மொத்தச் செலவு. மாதக் கட்டணத்தை மட்டும் பார்த்தால் கணக்குத் தவறும். நான்காவது, அக்டோபர்: பிளேஆஃப் எனப்படும் பருவ இறுதிச் சுற்று ஆட்டங்களும், சாம்பியனைத் தீர்மானிக்கும் வேர்ல்ட் சீரிஸும் வேறு நிறுவனங்களின் கையில் இருக்கின்றன.

## எம்எல்பி.டிவி

2002இல் தொடங்கிய இந்தச் சேவை, 30 அணிகளின் ஆட்டங்களையும் இணையம் வழியாகத் தருகிறது. எல்லா அணிகளுக்குமான ஆண்டுச் சந்தா 150 டாலர் அளவிலும், ஒரே அணிக்கான சந்தா அதைவிடச் சற்றுக் குறைவாகவும் இருந்துவந்திருக்கின்றன. 2026 பருவம் முதல் அமெரிக்காவில் இதை விற்பது இஎஸ்பிஎன் நிறுவனம்.

கப்ஸ் எல்லைக்கு வெளியே வசிப்பவருக்கு இதற்கு இணையானது வேறில்லை. இரு அணிகளின் ஒளிபரப்பிலும் விரும்பியதைத் தேர்ந்துகொள்ளலாம்; படத்தை வைத்துக்கொண்டு தொலைக்காட்சி வர்ணனைக்குப் பதிலாக வானொலி வர்ணனையைப் பொருத்திக் கேட்கலாம்; முடிந்த ஆட்டங்களை எப்போது வேண்டுமானாலும் பார்க்கலாம். ஆனால் வெளியூர்க்காரருக்கும் ஓட்டைகள் உண்டு. டாலஸ்வாசிக்கு, கப்ஸ் ரேஞ்சர்ஸோடு மோதும் ஆட்டங்கள் மறைக்கப்படும், ஏனெனில் அது ரேஞ்சர்ஸின் எல்லை. ஆப்பிள் டிவியின் வெள்ளிக்கிழமை ஆட்டம், ஞாயிறு இரவு ஆட்டம் போன்ற தேசியத் தனியுரிமை ஆட்டங்களும் (நாடு முழுவதற்கும் ஒரே நிறுவனம் மட்டும் காட்டுபவை) நேரலையில் வராது. அமெரிக்காவுக்குள் அக்டோபர் ஆட்டங்கள் இந்தச் சந்தாவில் அடங்குவதில்லை.

எல்லைக்குள் இருப்பவருக்கும் இது முற்றிலும் பயனற்றது என்று சொல்லிவிட முடியாது. மறைக்கப்பட்ட ஆட்டம் முடிந்து ஏறக்குறைய ஒன்றரை மணி நேரத்திற்குப் பிறகு முழுப் பதிவாகத் திறக்கும். பிற்பகல் ஆட்டத்தை இரவு உணவுக்குப் பின் பார்ப்பவருக்கு, இடையில் யாரும் முடிவைச் சொல்லாதவரை, அது போதும். பேஸ்பால் ரசிகர்கள் நிறைந்த அலுவலகத்தில் இருப்பவர் அந்த நம்பிக்கையில் பணம் கட்ட வேண்டாம்.

மறைவான செலவு, தானாகப் புதுப்பித்தல். சென்ற ஆண்டு வாங்கிய சந்தா அடுத்த வசந்தத்தில் கேளாமலே முழு விலைக்குப் புதுப்பிக்கப்படும். வாங்கிய அன்றே அந்த ஏற்பாட்டை நிறுத்திவிடுவது நல்லது. மறைவான சேமிப்பும் உண்டு. டி-மொபைல் கைபேசி நிறுவனம் தன் வாடிக்கையாளர்களுக்குப் பல ஆண்டுகளாக, பருவத் தொடக்கத்தில் சில நாட்கள் மட்டும், இச்சந்தாவை இலவசமாக வழங்கிவந்திருக்கிறது. பருவம் பாதியை நெருங்கும்போது சந்தாவின் விலையும் குறையும்; ஜூலைக்குப் பிறகே ஆர்வம் சூடுபிடிக்கும் என்பவர் மார்ச்சில் வாங்க வேண்டிய அவசியமில்லை.

## மார்க்கீ நேரடிச் சந்தா

இது எல்லைக்குள் இருப்பவருக்கானது. கேபிள் இணைப்பு இல்லாமலே மார்க்கீயை மட்டும் வாங்கும் வசதி 2023 ஜூலையில் மாதம் 19.99 டாலருக்குத் தொடங்கியது. மார்ச் இறுதியில் சேர்ந்து செப்டம்பர் இறுதிவரை வைத்திருந்தால், பணம் பிடிக்கும் தேதியைப் பொறுத்து ஆறு அல்லது ஏழு மாதக் கட்டணம். அதாவது 120 முதல் 140 டாலர். வெளியூர்க்காரர் எம்எல்பி.டிவிக்குக் கொடுப்பதற்கு நெருக்கமான தொகைதான். ஆனால் அவருக்கு 30 அணிகள், இவருக்கு ஒன்று. இது நியாயமா என்று கேட்டால், இல்லை என்பதே என் கருத்து.

தேசியத் தனியுரிமைக்குப் போகும் சில ஆட்டங்களைத் தவிர மற்ற எல்லாவற்றையும் மார்க்கீ காட்டுகிறது. ஜான் சியாம்பி, ஜிம் டிஷேஸ் இணையரின் வர்ணனை இலகுவாகவும், ஆட்டத்தைப் புதிதாகக் கற்பவருக்குப் புரியும்படியும் இருக்கும். மாதச் சந்தா என்பதால் கோடை விடுமுறையில் இந்தியா செல்பவர் இடையில் நிறுத்திவைக்கலாம் என்பதும் ஒரு நன்மை. எல்லையைத் தாண்டிப் பயணம் செய்யும்போது இந்தச் சேவை வேலை செய்யும் என்று எண்ணிவிடக் கூடாது. உரிமை அந்த எல்லைக்கு மட்டுமே உரியது. வாங்குவதற்கு முன் உங்கள் அஞ்சல் குறியீடான ஜிப் கோடை அவர்களின் தளத்தில் உள்ளிட்டுப் பார்ப்பது கட்டாயம். மத்திய இல்லினாயில், குறிப்பாகக் காப்பீட்டு நிறுவனப் பணிகளுக்காகத் தமிழர் பலர் குடியேறிய புளூமிங்டன் பகுதியில், சிகாகோ அணிகளும் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸும் ஒருங்கே உரிமை கோருவதால் இந்தச் சோதனை இன்னும் முக்கியமாகிறது.

## கேபிள், இணையத் தொலைக்காட்சித் தொகுப்புகள்

வீட்டில் ஏற்கெனவே காம்காஸ்ட் போன்ற கேபிள் இணைப்பு இருந்தால், மார்க்கீ எந்தத் தொகுப்பில் அடங்குகிறது என்று முதலில் கேட்டறிய வேண்டும். அடிப்படைத் தொகுப்பில் இருக்கும் என்று எண்ணி ஒப்பந்தத்தில் கையெழுத்திட வேண்டாம். ஃபூபோ, டைரக்டிவி ஆகியவற்றின் இணையத் தொகுப்புகளில் மார்க்கீ இடம்பெற்றுவந்திருக்கிறது. பலரும் வைத்திருக்கும் யூடியூப் டிவியில் அது இல்லை. புதிதாகக் குடியேறும் நண்பர்கள் அதிகம் ஏமாறும் இடம் இதுதான்.

விளம்பரத்தில் தெரியும் விலையோடு வட்டார விளையாட்டுக் கட்டணம், உள்ளூர் ஒளிபரப்புக் கட்டணம், பெட்டி வாடகை, முதலாண்டுச் சலுகை முடிந்ததும் ஏறும் விலை எல்லாம் சேரும். பேஸ்பாலுக்காக மட்டும் இந்தப் பாதையில் இறங்குவது வீண். வீட்டில் வேறு சிலர் செய்தி, கால்பந்து, கூடைப்பந்து என்று பார்ப்பவர்களாக இருந்து, அச்செலவு எப்படியும் ஆகத்தான் போகிறது என்றால் மட்டுமே கப்ஸ் கூடுதல் செலவில்லாமல் வந்து சேரும்.

## வானொலி

செலவிலும் சௌகரியத்திலும் மற்ற வழிகளை முந்துவது வானொலிதான் என்பது என் தீர்ப்பு.

பேஸ்பால், இடைவெளிகள் நிறைந்த ஆட்டம். ஒரு பந்துக்கும் அடுத்த பந்துக்கும் இடையில் சொல்வதற்கு நேரம் இருக்கிறது. களத்தில் யார் எங்கே நிற்கிறார் என்பதைச் சொற்களாலேயே காட்டிவிட முடிகிறது. பாட் ஹியூஸ் 1996 முதல் கப்ஸின் வானொலிக் குரலாக இருக்கிறார். ஒளிபரப்பாளர்களுக்கான ஃபோர்டு ஃப்ரிக் விருதை 2023இல் பெற்றவர். வீரர்களின் சீருடை நிறத்தையும், காற்று மிச்சிகன் ஏரியிலிருந்து மைதானத்தின் உள்நோக்கி வீசுகிறதா, வெளிநோக்கி வீசுகிறதா என்பதையும் அவர் விவரித்துவிடுவார். ரிக்லியில் காற்றின் திசை வெறும் வருணனை அன்று. வெளிநோக்கி வீசும் நாளில் சாதாரண உயர் பந்தும் எல்லைக்கு வெளியே பறந்து ஹோம் ரன் ஆகும், உள்நோக்கி வீசும் நாளில் நன்றாக அடித்த பந்தும் ஆட்டக்காரர் கையில் விழும். கிரிக்கெட் வர்ணனையை டிரான்சிஸ்டரில் கேட்டு வளர்ந்த தலைமுறைக்கு இதன் சுவையை விளக்க வேண்டியதில்லை.

வானொலியைப் பெற இரண்டு வழிகள் இருக்கின்றன. முதலாவது அலை வானொலி. 1958 முதல் 2014 வரை டபிள்யூஜிஎன் 720 வானொலி நிலையத்தில் கேட்ட கப்ஸ் ஆட்டங்கள், ஒரு பருவம் டபிள்யூபிபிஎம் நிலையத்தில் தங்கிவிட்டு, 2016 முதல் 670 தி ஸ்கோர் எனப்படும் டபிள்யூஎஸ்சிஆர் நிலையத்தில் வருகின்றன. அது 50,000 வாட் ஆற்றலுள்ள ஏஎம் நிலையம். கட்டணம் ஒன்றுமில்லை, முகவரிக் கட்டுப்பாடும் இல்லை. இருட்டிய பிறகு ஏஎம் அலைகள் அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்புவதால் நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பாலும் இந்த நிலையம் கேட்கும். ஆனால் பகலில் அந்த வித்தை நடக்காது. பகல் ஆட்டங்களை இவ்வளவு ஆடும் அணி வேறில்லாததால், தொலைவில் இருப்பவருக்கு ஏஎம் வானொலி அணியின் பாதிக் கதையைத்தான் சொல்லும். ஜூன் மாதத்தில் இரவு 7.05க்குத் தொடங்கும் ஆட்டத்தில்கூட முதல் சில இன்னிங்ஸ்கள் வெளிச்சத்தில்தான் நடக்கும். அலை தெளியும்போது ஆட்டம் பாதி முடிந்திருக்கும்.

இரண்டாவது, எம்எல்பி செயலியில் கிடைக்கும் ஒலிச் சந்தா. ஆண்டுக்கு ஏறத்தாழ 30 டாலர். எல்லா அணிகளின் வானொலி ஒளிபரப்பும் இதில் கிடைக்கும், பிளாக்அவுட் கிடையாது, அக்டோபர் ஆட்டங்களும் அடங்கும். கார்டினல்ஸோடு மோதும் நாளில் எதிரணியின் வர்ணனையாளர்கள் நம்மவர்களைப் பற்றி என்ன சொல்கிறார்கள் என்று கேட்பது தனி இன்பம். எம்எல்பி.டிவி வாங்கியவருக்கு ஒலியும் அதிலேயே சேர்ந்திருப்பதால் இதைத் தனியாக வாங்க வேண்டாம். நிலையத்தின் சொந்த இணைய ஒலிபரப்பில் ஆட்டம் எல்லா ஊர்களிலும் வரும் என்று நம்பி இந்த 30 டாலரை மிச்சப்படுத்த முயல்வது பலன் தராது.

வானொலியின் குறை ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். ஆட்டத்தின் விதிகள் தெரியாதவருக்கு, இரண்டு பால், இரண்டு ஸ்டிரைக், முதல் தளத்தில் ஓட்டக்காரர் என்று வேகமாக வரும் சொற்கள் வெறும் ஓசையாகவே நிற்கும். புதியவர் ஒரு மாதமாவது படத்தோடு பார்த்து, களத்தின் வரைபடம் மனத்தில் பதிந்த பிறகு வானொலிக்கு வருவது நல்லது. செயலியில் இலவசமாகக் கிடைக்கும் கேம்டே பக்கம், ஒவ்வொரு பந்தும் எங்கே விழுந்தது என்பதைப் படமாகக் காட்டும். அதைத் திறந்துவைத்துக்கொண்டு கேட்டால் கற்பது எளிதாகும்.

இணைய ஒலியும் ஒளியும் களத்தைவிட அரை நிமிடமோ அதற்கு மேலோ பின்தங்கி வரும். ஏஎம் பெட்டி அப்படியன்று. செயலியின் ஓட்ட அறிவிப்புகளை அணைக்காமல் இணைய நேரலை பார்ப்பவர், ஹோம் ரன்னைப் பார்ப்பதற்கு முன்பே அது நடந்ததை அறிந்துவிடுவார்.

## தேசிய ஒளிபரப்புகளும் ஆன்டெனாவும்

2026 முதல் 2028 வரையிலான ஒப்பந்தங்களின்படி, ஞாயிறு இரவு ஆட்டம் என்பிசிக்கும் அதன் இணையச் சேவையான பீகாக்குக்கும், வெள்ளிக்கிழமை ஆட்டங்கள் ஆப்பிள் டிவிக்கும், சனிக்கிழமைத் தேசிய ஆட்டமும் வேர்ல்ட் சீரிஸும் ஃபாக்ஸுக்கும், செவ்வாய் ஆட்டங்கள் டிபிஎஸ்ஸுக்கும், பருவத்தின் முதல் இரவு ஆட்டம் நெட்ஃபிளிக்ஸுக்கும் போகின்றன. இவற்றில் கப்ஸ் ஆடும் நாட்கள் சிலவே. அந்தச் சில நாட்களுக்காக ஒவ்வொரு சேவைக்கும் ஆண்டு முழுவதும் பணம் கட்டுவது தேவையற்றது. அன்று வானொலிக்குத் திரும்பினால் போதும்.

ஃபாக்ஸும் என்பிசியும் சாதாரண ஆன்டெனாவில் கிடைப்பவை. ஒருமுறை வாங்கி ஜன்னலில் மாட்டிய ஆன்டெனா, வேர்ல்ட் சீரிஸ் உட்படப் பல முக்கிய ஆட்டங்களை மாதக் கட்டணமின்றித் தரும்.

## ரிக்லி மைதானம்

நேரில் பார்ப்பதை இந்தப் பட்டியலில் சேர்ப்பது முறையா என்று சிலர் கேட்கலாம். சிகாகோ வட்டாரத்தில் இருப்பவர் இரண்டு மாத மார்க்கீ கட்டணத்தைச் சேமித்து, ஏப்ரல் அல்லது மே மாதத்தின் ஒரு வார நாள் ஆட்டத்துக்குச் சென்றுவரலாம் என்பதால் சேர்க்கிறேன். நுழைவுச்சீட்டின் விலை எதிரணி, கிழமை, வானிலைக்கு ஏற்ப மாறும். கார் நிறுத்தக் கட்டணம் சில நாட்களில் சீட்டின் விலையையே எட்டிவிடும். ரெட் லைன் ரயிலில் அடிசன் நிலையத்தில் இறங்கினால் மைதானம் எதிரிலேயே நிற்கும். ஏப்ரலில் குளிர் கடுமையாக இருக்கும் என்பதை மட்டும் மறக்கக் கூடாது.

## ஒரே பார்வையில்

| வழி | யாருக்குப் பொருந்தும் | பருவச் செலவு | நேரலையில் கிடைக்காதவை |
|---|---|---|---|
| எம்எல்பி.டிவி | கப்ஸ் எல்லைக்கு வெளியே உள்ளவர் | சுமார் 150 டாலர் | உங்கள் ஊர் அணியோடு மோதும் ஆட்டம், தேசியத் தனியுரிமை, அமெரிக்காவுக்குள் அக்டோபர் |
| மார்க்கீ நேரடிச் சந்தா | எல்லைக்குள் உள்ளவர் | 120 முதல் 140 டாலர் | தேசியத் தனியுரிமை, அக்டோபர் |
| கேபிள், இணையத் தொகுப்பு | எல்லைக்குள், வேறு அலைவரிசைகளும் பார்ப்பவர் | தொகுப்பைப் பொறுத்தது. மற்றவற்றைவிடப் பல மடங்கு | ஆப்பிள் போன்ற தனிச் சேவைகளின் ஆட்டங்கள் |
| ஏஎம் 670 | சிகாகோ வட்டாரம். இரவில் தொலைவூர்களும் | இல்லை | தொலைவில் பகல் ஆட்டங்கள் |
| ஒலிச் சந்தா | எங்கிருப்பவருக்கும் | சுமார் 30 டாலர் | இல்லை |
| ஆன்டெனா | நகர்ப்புறம் | ஒருமுறை மட்டும் | பெரும்பாலான வழக்கமான ஆட்டங்கள் |

## எந்தச் சூழலில் எது

சிகாகோவிலும் புறநகரிலும் வசித்து, வாரத்தில் நான்கைந்து ஆட்டங்களையாவது பார்ப்பவர் மார்க்கீயை வாங்கலாம். அதற்குக் குறைவாகப் பார்ப்பவர் ஏஎம் வானொலியோடும் ஆன்டெனாவோடும் தொடங்கி, அணி முன்னிலையில் இருந்தால் ஆகஸ்டு, செப்டம்பர் இரண்டு மாதங்களுக்கு மட்டும் மார்க்கீயைச் சேர்ப்பது சிக்கனமானது. டெக்சாஸ், கலிபோர்னியா, நியூ ஜெர்சி போன்ற மாநிலங்களில் இருப்பவருக்கு எம்எல்பி.டிவியே விடை.

அயோவாவில் இருப்பவர் நிலைமைதான் சங்கடமானது. டெ மாயின் நகரத்தில் எம்எல்பி.டிவி வாங்கினால் கப்ஸ் ஆட்டங்கள் மட்டுமல்லாமல் மற்ற ஐந்து அணிகளின் ஆட்டங்களும் மறைந்துபோகும். அவர்களுக்கு ஒலிச் சந்தாவே முதல் பரிந்துரை. படம் வேண்டுமானால் ஜிப் கோடைச் சோதித்துவிட்டு மார்க்கீ. வேறு ஊரிலிருந்து பார்ப்பதுபோல் இணைய முகவரியை மாற்றிக் காட்டும் குறுக்குவழியைப் பலர் பேசுகிறார்கள். அது சேவையின் விதிகளுக்கு முரணானது, எந்த நாளிலும் துண்டிக்கப்படலாம் என்பதால் அதை நம்பிப் பணம் கட்டுமாறு சொல்ல மாட்டேன். டெ மாயினில் இன்னொரு ஆறுதல் உண்டு: கப்ஸின் முதல்நிலை மைனர் லீக் அணியான அயோவா கப்ஸ் அங்கேதான் ஆடுகிறது. நாளை ரிக்லியில் ஆடப்போகிறவர்களைப் பிரின்சிபல் பார்க் மைதானத்தில் இன்றே பார்த்துவிடலாம்.

இந்தியாவிலும் இலங்கையிலும் இருந்து தொடர்பவருக்கு உள்ளூர் எல்லைச் சிக்கல் இல்லை. வெளிநாட்டுச் சந்தாவில் அக்டோபர் ஆட்டங்களும் அடங்கும். தடை கடிகாரத்தில்தான். சிகாகோவில் பிற்பகல் 1.20க்குத் தொடங்கும் ஆட்டம் நமக்கு இரவு 11.50, இரவு 7.05 ஆட்டம் மறுநாள் அதிகாலை 5.35. மேற்குக் கடற்கரைப் பயணத்தில் ஆடும் இரவு ஆட்டங்கள் காலை ஏழரை மணியளவில் தொடங்கி, அலுவலகம் போகும் வழியில் காதோடு வரும். சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் இவற்றோடு இரண்டரை மணி நேரத்தைக் கூட்டிக்கொள்ள வேண்டும். அதிகாலையில் எழுந்து திரைமுன் அமர்பவராக இருந்தால் எம்எல்பி.டிவி வாங்கலாம், மற்றவர்கள் 30 டாலர் ஒலிச் சந்தாவை வைத்துக்கொண்டு, படத்துக்கு எம்எல்பி இலவசமாக வெளியிடும் பத்து நிமிடச் சுருக்கப் பதிவுகளைப் பார்த்துக்கொள்ளலாம்.

மாதச் சந்தாவில் இருப்பவர்கள் செப்டம்பர் கடைசி வாரத்தில் அட்டவணையையும் அடுத்த கட்டணத் தேதியையும் சேர்த்துப் பார்த்து, வழக்கமான பருவத்தின் கடைசி ஆட்டத்துக்கு மறுநாளே சந்தாவை நிறுத்திவிடலாம். கப்ஸ் பிளேஆஃபுக்குள் நுழைந்தாலும் அந்த ஆட்டங்கள் மார்க்கீயில் வரப்போவதில்லை.